வேணி அக்காவின் சூலம்

"சௌமியா, இதைக் கொஞ்சம் படிச்சுச் சொல்லேன்" என்று வேணி அக்கா ஃபோனை என் மடியில் வைத்தார். கம்பெனி வேன் அப்போதுதான் மன்னார்புரத்திலிருந்து கிளம்பியிருந்தது.

"என்னக்கா இது?"

"சூலம். எனக்குக் கிடைச்சிருக்கு. மெதுவாப் பேசு."

திரையில் சதுரம் சதுரமான ஒரு கை, மூன்று முனை உள்ள ஒரு ஆயுதத்தைப் பிடித்திருந்தது. எங்கள் கம்பெனியில் சாப்பாட்டு நேரத்தில் ஏழெட்டுப் பேர் சேர்ந்து விளையாடுகிற விளையாட்டு அது. மண், மரம், மாடு எல்லாமே கட்டி கட்டியாக இருக்கும் ஒரு உலகம். வெட்டலாம், கட்டலாம், சண்டை போடலாம். இவ்வளவு போதும் என்று யாரும் சொல்லமாட்டார்கள்.

"ஆறு மாசம் ஆச்சு இது கிடைக்க. தண்ணிக்குள்ள பொணம் ஒண்ணு நடந்து வரும், அது கையில எப்பவாச்சும்தான் இருக்கும். ரஞ்சித்துகிட்ட இல்ல. சுரேஷ்குமார்கிட்ட இல்ல. என்கிட்ட மட்டும்தான் இருக்கு."

"சரிக்கா."

"இதுக்கு மந்திரம் ஏத்தணும். ரெண்டு மந்திரப் புத்தகம் வச்சிருக்கேன். ஒண்ணு ரிப்டைட்டு, இன்னொண்ணு லாயல்டி. ரெண்டும் ஒரே சூலத்துல ஆகுமா, ஆகாதா? அதுதான் தெரியணும். அந்தப் பக்கத்துல எல்லாம் போட்டிருக்கு. ஒவ்வொரு எழுத்தாப் பாத்துப் பாத்து அடிச்சு நானே தேடி எடுத்தேன்."

"தமிழ்ல மாத்திப் பாக்கலாமே?"

"பாத்தேனே. 'கிழிந்த அலையின் விசுவாசம் சாத்தியமுள்ளதாக இருக்கப்படுகிறது'ங்குது. யாருக்கு விசுவாசம், எதுக்குக் கிழிஞ்சுது, ஒண்ணும் வெளங்கல."

"ரஞ்சித்துகிட்ட கேட்டா சொல்லிடுவாரே."

"அவன்கிட்ட கேட்டா சூலம் இருக்கறது தெரிஞ்சிடும். சனிக்கிழமைதான் காட்டணும்."

நான் ஃபோனைப் பார்த்தேன். நீளமான ஆங்கிலப் பக்கம். மேலே படம், கீழே வரிசையாக வாக்கியங்கள்.

"ரெண்டும் போடலாம்கா" என்றேன்.

"ரெண்டுமா?"

"ஆமா. ஒண்ணும் பிரச்சினை இல்ல."

"எதை முதல்ல போடறது?"

"எதை வேணாலும் போடுங்க."

"ரிப்டைட்டுன்னா என்னம்மா?"

"தண்ணிக்குள்ள வேகமாப் போகும்."

"லாயல்டி?"

"எறிஞ்சா கைக்கே திரும்பி வந்துடும்."

"அப்படிப் போடு! வேகமாவும் போகும், திரும்பியும் வரும்" என்றார் வேணி அக்கா. ஃபோனைக் கைப்பைக்குள் வைத்து ஜிப்பை இழுத்து மூடினார். திருவெறும்பூர் தாண்டும் வரை அந்தப் பையின் மேலேயே கையை வைத்திருந்தார்.

நான் அந்தப் பக்கத்தைப் படிக்கவில்லை. படத்துக்குக் கீழே இருந்த முதல் இரண்டு வரிகளில் கண் ஓடியது, அவ்வளவுதான். வேகமாகப் போகும், திரும்பி வரும் என்றதெல்லாம் அங்கே கண்ணில் பட்ட சில சொற்களை வைத்துச் சொன்னது. ரிப்டைட் என்ற சொல்லுக்கு எனக்கு அர்த்தம் தெரியாது. அதற்கடுத்த வரியில் தெரியாத சொற்கள் இன்னும் இரண்டு இருந்தன. எனக்கு முன் சீட்டில் ரஞ்சித் உட்கார்ந்திருந்தார். நான் ஒரு வார்த்தையில் தடுக்கினால் அவர் திரும்பிப் பார்ப்பார். எங்கள் கம்பெனியில் ஆங்கிலக் காகிதம் எது வந்தாலும் என் மேஜைக்குத்தான் வரும். ஐந்தாம் வகுப்பு வரை தமிழில் படித்து ஆறாம் வகுப்பில் ஸ்ரீரங்கத்திலேயே ஒரு ஆங்கிலப் பள்ளிக்கு மாற்றப்பட்டவள் நான். தெரியாததைத் தெரிந்த மாதிரி தலையாட்டுவதை அந்த வருஷமே கற்றுக்கொண்டேன். இன்னொன்றும் உண்டு. நாற்பது வயதுப் பெண்மணி ஒருவர் சூலம், மந்திரம் என்று பேசுவதை நான் கேட்டுக்கொண்டிருப்பதை யாராவது பார்த்துவிடப் போகிறார்களே என்று எனக்குக் கூச்சமாக இருந்தது. சீக்கிரம் முடித்துவிடத்தான் 'ரெண்டும் போடலாம்' என்றேன்.

வேணி அக்காவின் ஊர் வையம்பட்டிக்குப் பக்கத்தில் ஒரு கிராமம். அப்பாவுக்குக் கடலையும் சோளமும் போடுகிற மேட்டு நிலம். ஒன்பதாம் வகுப்போடு படிப்பு நின்றது. இருபது வயதில் எடமலைப்பட்டி புதூருக்குக் கல்யாணமாகி வந்தார். கணவர் அழகிரி லோடு வேன் ஓட்டுகிறார். துவாக்குடி பக்கம் இருக்கிற எங்கள் ஃபேப்ரிகேஷன் கம்பெனியில் வேணி அக்கா முதலில் பெருக்கித் துடைக்கத்தான் சேர்ந்தாராம். இப்போது பதினோரு வருஷமாக ஸ்டோர்ஸ் அவர் கையில்தான் இருக்கிறது.

ஸ்டோர்ஸில் முக்கியமான வேலை வெல்டிங் ராடு கொடுப்பது. வெளியிலிருந்து பார்ப்பவர்களுக்கு எல்லா ராடும் ஒன்றுபோலத்தான் இருக்கும். சாதாரண இரும்புக்கு ஒன்று, கனமான பிளேட்டுக்கு ஒன்று, ஸ்டெயின்லெஸ்ஸுக்கு வேறு. ஸ்டெயின்லெஸ்ஸையும் சாதாரண இரும்பையும் ஒட்டவைக்க வேண்டுமென்றால் அதற்கென்றே தனியாக இன்னொரு ராடு. மாற்றிப் போட்டால் அன்றைக்கு ஒட்டிக்கொள்ளும். பத்து நாள் கழித்து விரியும். சில ராடுகள் காற்றிலிருக்கும் ஈரத்தைக் குடித்துவிடும் என்பதால் அவற்றை அடுப்பு மாதிரி ஒரு பெட்டியில் சூடாகவே வைத்திருக்க வேண்டும். பெட்டியின் கதவை யாராவது திறந்து போட்டுவிட்டுப் போனால் வேணி அக்கா கத்துகிற கத்தலில் கிரைண்டிங் சத்தமே அடங்கிவிடும்.

"ஒம் பொண்டாட்டி சுட்ட தோசைய இப்படித்தான் ஈயோட தெறந்து வைப்பியா?"

"எனக்குக் கல்யாணமே ஆகலக்கா."

"ஆவாது. இப்படித் தெறந்து போட்டீன்னா ஆவவே ஆவாது."

அவரிடம் ஒரு வழக்கம் உண்டு. சீட்டு இல்லாமல் ராடு கொடுக்க மாட்டார். வரைபடத்தைப் பார்த்து எந்த வேலைக்கு எந்த ராடு, எத்தனை என்று சீட்டு அடித்துக் கொடுப்பது என் வேலை. முதலாளியின் மச்சினனே வந்து நின்று, "அவசரம், குடுங்க, சீட்டு அப்பறம் வரும்" என்றபோதும், "சீட்டு வரட்டும் சார், ராடு எங்கயும் ஓடிடாது" என்று சொல்லிவிட்டுக் கணக்குப் பார்ப்பதுபோல் திரும்பிக்கொண்டவர். நான் அடித்த சீட்டை அவர் இரண்டாம் முறை பார்த்ததில்லை. எண்ணைப் பார்ப்பார், எடுத்துக் கொடுப்பார். ஆங்கிலத்தில் இருப்பது என் பொறுப்பு, ராடு அவர் பொறுப்பு. அப்படித்தான் இருந்தோம்.

விளையாட்டிலும் அவருக்கு ஸ்டோர்ஸ்தான் கொடுத்திருந்தார்கள். ரஞ்சித்தும் சுரேஷ்குமாரும் ஃபிட்டர்கள். அவர்கள்தான் அந்த உலகத்தைத் தொடங்கினார்கள். குகைக்குள் போய் அவர்கள் வெட்டிக்கொண்டு வரும் கரி, இரும்பு, எலும்பு எல்லாவற்றையும் வேணி அக்கா விளையாட்டுக்குள் கட்டியிருக்கும் வீட்டிலிருந்தே பெட்டி பெட்டியாகப் பிரித்து வைப்பார். அதில் அவரை யாராலும் குறை சொல்ல முடியாது. ஆனால் அவருக்கு அது போதவில்லை. கடலுக்கு நடுவே ஒரு பெரிய கல்கோட்டை இருப்பதை ரஞ்சித் கண்டுபிடித்திருந்தார். அதைச் சுற்றிக் காவல் மீன்கள் இருக்குமாம். சனிக்கிழமை அரை நாள்தான் வேலை. மதியச் சாப்பாடு முடிந்ததும் எல்லோரும் சேர்ந்து அங்கே போவதாகத் திட்டம்.

"நானும் வரேன்பா" என்று வேணி அக்கா கேட்டிருக்கிறார்.

"நீங்க வந்துட்டா பெட்டிய யாருக்கா பாப்பா?" என்று சிரித்திருக்கிறார் ரஞ்சித். "சரி, மீன் அடிக்கற மாதிரி எதாச்சும் கையில இருந்தா வாங்க. கரண்டியத் தூக்கிட்டு வராதீங்க."

அதனால்தான் சூலம். அதனால்தான் அந்த இரண்டு புத்தகங்கள். வேன் துவாக்குடி போய்ச் சேருவதற்குள் இதையெல்லாம் அவரே என்னிடம் சொன்னார். சொல்லாமல் இருந்திருந்தால் பின்னால் எனக்கு ஒரு சாக்காவது இருந்திருக்கும்.

வியாழக்கிழமை சீட்டு வாங்க வந்தவர் என் மேஜையருகே நின்றார்.

"ரிப்டைட்டு ஏறிடுச்சு. ரெண்டாவது ஏறலம்மா. பட்டறைக்கல்லுல சூலத்தையும் புத்தகத்தையும் வச்சா செவப்பாப் பெருக்கல் குறி போடுது."

அப்போதாவது நான் படித்திருக்கலாம். கம்ப்யூட்டர் எதிரிலேயே இருந்தது. தேடினால் ஒரு நிமிஷம். ஆனால் தேடினால், முதலில் படிக்கவில்லை என்று ஆகிவிடும்.

"லெவல் பத்தலையா இருக்கும்கா" என்றேன்.

"எத்தனை வேணுமாம்?"

"முப்பது."

அந்த எண் எங்கிருந்து வந்தது என்று எனக்கே தெரியாது. வேணி அக்கா அதை மனதில் எழுதிக்கொள்கிறவர்போலத் தலையசைத்துவிட்டுப் போனார். அன்று மதியமும் வெள்ளிக்கிழமை இரண்டு வேன் பயணங்களிலும் லெவல் ஏற்றுவதற்காகத் தலை நிமிராமல் விளையாடினார். வெள்ளிக்கிழமை மாலை மன்னார்புரத்தில் இறங்கும்போது, "முப்பத்தி ரெண்டு வந்தாச்சு. அப்பவும் ஏறல" என்றார். நான் பதில் யோசிப்பதற்குள் அவரே, "போவட்டும். வேகம் இருக்குல்ல, அது போதும். நீ ஸ்ரீரங்கம் பஸ்ஸப் புடி, கூட்டம் ஆயிடும்" என்றார்.

சனிக்கிழமை சாப்பாட்டுக் கூடத்தில் நீள மேஜையைச் சுற்றி எல்லோரும் ஃபோனோடு உட்கார்ந்தார்கள். விளையாடாதவர்களும் பின்னால் நின்று எட்டிப் பார்த்தார்கள். நான் ஜன்னல் ஓரத்தில் தயிர் சாதத்தோடு இருந்தேன். வேணி அக்கா சூலத்தை வெளியே எடுத்ததும் ஒரே கூச்சல்.

"டேய், அக்கா கையில என்னன்னு பாருடா!"

"ஏன்க்கா, சமயபுரத்துலேருந்து நேரா வரீங்களா?"

"எங்கேருந்துக்கா புடிச்சீங்க?"

"ஒழைச்சுப் புடிச்சேன்" என்றார் வேணி அக்கா. அந்த முகத்தை நான் பார்த்தேன். ஸ்டோர்ஸில் பதினோரு வருஷம் உட்கார்ந்தவர் முகமாக அது இல்லை.

ரஞ்சித் கடலுக்கு நடுவே உயரமாக ஒரு கோபுரம் கட்டி வைத்திருந்தார். எல்லோரும் அதன் உச்சியில் போய் நின்றார்கள். அக்காவைத் தவிர மற்றவர்கள் கடலில் குதித்தார்கள். "அக்கா, நீங்க மேலேருந்து எறிங்க, நாங்க கீழ பாத்துக்கறோம்" என்றார் சுரேஷ்குமார். அந்த நேரத்தில் விளையாட்டுக்குள் மழை பிடித்தது. வேணி அக்கா குறி பார்த்து, விரலை அழுத்திப் பிடித்து, விட்டார்.

சூலம் கையை விட்டுப் போகவில்லை. அக்காவையே இழுத்துக்கொண்டு வானத்தில் சீறிக் கிளம்பியது. கோபுரத்தைத் தாண்டி, கடலைத் தாண்டி, எதிரே இருந்த பாறையில் போய் விழுந்தார். திரை சிவந்து போனது. கையிலும் மேலிலும் இருந்ததெல்லாம் சிதறிக் கடலுக்குள் இறங்கியது. அந்த விளையாட்டில் செத்தால் வீட்டுக் கட்டிலில் மறுபடி எழுந்துகொள்ளலாம். ஆனால் சிதறிய பொருட்களை ஐந்து நிமிஷத்துக்குள் எடுக்காவிட்டால் மறைந்துவிடும்.

"சூலத்த எறிங்கன்னா அக்காவ எறிஞ்சுட்டாங்கடா!"

"டிக்கெட்டு எடுக்காம எங்கக்கா போனீங்க?"

மேஜையைத் தட்டித் தட்டிச் சிரித்தார்கள். வேணி அக்காவும் முதலில் சிரித்தார். "யாராச்சும் எடுத்துத் தாங்கப்பா, கீழதான் கெடக்கும்" என்றார். சுரேஷ்குமார் சிரித்துக்கொண்டே முங்கினார். அவருக்கு அக்காவின் செருப்பு மட்டும் கிடைத்தது. அதற்கும் ஒரு சிரிப்பு. அவர்கள் சிரித்து முடிப்பதற்குள் ஐந்து நிமிஷம் போய்விட்டது.

"ரிப்டைட்டா போட்டிருந்தீங்க?" என்று ரஞ்சித் கேட்டார். "அத போட்டா மழையில ஆளையும் சேத்து இழுத்துட்டுப் போகும். லாயல்டி போட்டிருக்கணும்."

"ரெண்டும் போடலாம்னு நெனச்சேன்."

"ரெண்டும் ஒண்ணோட ஒண்ணு சேராதுக்கா! ஸ்டெயின்லெஸ்ஸுக்குச் சாதா ராடு போட்ட கதைதான். ராடு மாத்திக் குடுத்தா எங்கள என்ன கேப்பீங்க? இதுக்கு யாரு சீட்டு போட்டா?"

கூடம் முழுக்கச் சிரித்தது. நான் தட்டைப் பார்த்தேன். அவர் என் பெயரைச் சொல்லப் போகிறார் என்று காது இரண்டும் எரிந்தன. சொல்லட்டும் என்று ஒரு கணம் நினைத்தேன். சொல்லிவிடக் கூடாதே என்று அடுத்த கணமே நினைத்தேன்.

"சீட்டு இல்லாமதான் குடுத்துட்டேன்" என்றார் வேணி அக்கா.

அவர் என் பக்கம் திரும்பவே இல்லை. கூடத்தில் எல்லோருக்கும் தெரியும், அவர் வாழ்க்கையில் சீட்டு இல்லாமல் ஒரு ராடு கொடுத்ததில்லை. அதனால் அது இன்னும் பெரிய நகைச்சுவையாகிவிட்டது. "இங்கிலீஷ் தெரியாம மந்திரம் போட்டா இப்படித்தான்" என்று பின்னாலிருந்து யாரோ சொன்னார்கள். இங்கிலீஷ் தெரிந்த நான் தயிர் சாதத்தைக் கடைசிப் பருக்கை வரை சாப்பிட்டேன். எழுந்து, 'நான்தான் சொன்னேன்' என்ற இரண்டு சொற்களைச் சொல்ல எனக்கு எந்தத் தடையும் இருக்கவில்லை. சொல்லவில்லை.

அன்று சாயங்காலம் ஸ்ரீரங்கத்தில் வீட்டு மாடியில் உட்கார்ந்து அந்தப் பக்கத்தைத் தேடிப் படித்தேன். மொத்தமே நான்கு நிமிஷம். இழுத்துப்போகும் மந்திரமும் திரும்பிவரும் மந்திரமும் ஒரே சூலத்தில் சேராது என்று மூன்றாவது பத்தியிலேயே இருந்தது. தப்பாகப் போட்டுவிட்டால் சாணைக்கல்லில் வைத்து மந்திரத்தை எடுத்துவிடலாம், சூலம் பழையபடி கிடைக்கும் என்று அதற்குக் கீழே இருந்தது. சாணைக்கல், பட்டறைக்கல், இதோடு அது சேராது. வேணி அக்காவுக்கு இதில் புரியாதது என்று ஒன்றும் இல்லை. எனக்குத்தான் இரண்டு முறை படிக்க வேண்டியிருந்தது.

கல்கோட்டையை மற்றவர்கள் அடுத்த வாரம் பிடித்தார்கள். "அக்கா, நீங்க பெட்டியப் பாத்துக்கங்க" என்று சொல்லிவிட்டுத்தான் போனார்கள். கொஞ்ச நாளில் வேணி அக்கா சாப்பாட்டு நேரத்தில் ஃபோனை எடுப்பதை விட்டுவிட்டார். வேனில் என் பக்கத்தில்தான் உட்கார்ந்தார், பேசினார், கொய்யாப்பழம் கொடுத்தார். ஒன்றே ஒன்றுதான் மாறியது. சீட்டு அடித்துக் கொடுத்தால் உடனே வாங்கிக்கொண்டு போகமாட்டார். மேஜையருகே நின்று ராடு எண்ணையும் எத்தனை என்பதையும் வாய்விட்டுப் படிப்பார்.

"எழுபது பதினெட்டு. அம்பது. சரிதானம்மா?"

நான் வரைபடத்தை எடுத்து விரித்துப் பார்த்து, "சரிதான்கா" என்று சொல்லும் வரை நகரமாட்டார். குரலில் கோபம் கிடையாது. ஈரம் குடித்த ராடா என்று தட்டிப் பார்க்கிற மாதிரி, அவ்வளவுதான். நாளைக்குப் பத்துப் பன்னிரண்டு சீட்டு. பத்துப் பன்னிரண்டு முறை நான் அந்தச் சனிக்கிழமைக்குப் போய் வந்தேன்.

நான்கு மாதம் கழித்து ஒரு காலையில், மன்னார்புரத்தில் வேன் வருவதற்கு முன்பே அவரிடம் சொல்லிவிடுவது என்று முடிவு செய்தேன். வேன் வந்துவிட்டது. ஏறி உட்கார்ந்தோம். ரஞ்சித் முன் சீட்டில், சுரேஷ்குமார் அவருக்குப் பக்கத்தில். குரலைத் தாழ்த்திக்கொண்டு சொன்னேன்.

"அக்கா, அன்னிக்கு நீங்க காட்டினீங்கள்ல, அந்தப் பக்கத்த நான் படிக்கவே இல்ல."

"தெரியும்" என்றார்.

"தெரியுமா?"

"பக்கம் அவ்ளோ நீளம். ஒன் வெரல் அசையவே இல்ல. மேல தள்ளினாத்தானே கீழ உள்ளது வரும்?"

"அப்பறம் ஏன்கா நான் சொன்னபடி செஞ்சீங்க?"

"படிச்ச பொண்ணு. முன்னாடியே எங்கயாவது படிச்சிருப்பேன்னு நெனச்சேன்." ஜன்னலுக்கு வெளியே பார்த்தார். "வியாழக்கிழமை முப்பதுன்னு சொன்னப்பதான் சந்தேகம் வந்துது. நீ கண்ண மேல தூக்கிட்டுச் சொன்ன."

"அன்னிக்கு எல்லார் முன்னாடியும் என் பேரச் சொல்லியிருக்கலாமே."

"சொல்லியிருந்தா?" என்றார். "சூலமா திரும்பி வரப்போவுது?"

மன்னிச்சிடுங்கக்கா என்று மூன்று முறை மனதில் சொல்லிப் பார்த்ததில் ஒரு முறைகூட அது வாயை எட்டவில்லை. வேன் கிளம்பிவிட்டது. வேணி அக்கா கைப்பையின் ஜிப்பைத் திறந்து ஃபோனை எடுத்தார். எதையோ தேடி எடுத்து என் மடியில் வைத்தார். அதே பக்கம். மேலே அதே படம்.

"மறுபடி ஒண்ணு கிடைச்சிருக்கு. முந்தாநேத்து. இவனுங்ககிட்ட இன்னும் சொல்லல" என்றார். இதை அவர் மெதுவாகச் சொல்லவில்லை. முன் சீட்டில் ரஞ்சித்தின் தலை திரும்பியது.

"மேலேருந்து படி. நடுவுல எதையும் விடாத. நீ புரிஞ்சுக்கிட்டதச் சொல்ல வேணாம், அங்க என்ன போட்டிருக்கோ அதை ஒவ்வொரு வரியாப் படிச்சுத் தமிழ்ல சொல்லு. தெரியாத வார்த்தை வந்தா தெரியலன்னுட்டு அடுத்ததுக்குப் போ. துவாக்குடி வரைக்கும் நேரம் இருக்கு. கொஞ்சம் சத்தமாப் படிம்மா, இவனுக்கும் கேக்கட்டும்."